எங்கள் வீட்டுப் பாத்திர மெஷின் நின்ற பன்னிரண்டு நாள்

நான் பனியன் கம்பெனியில் தையல் மெஷின் மெக்கானிக். ஓவர்லாக், பேட்லாக் என்று இருபத்திரண்டு வருசமாகப் பிரித்து மாட்டிக்கொண்டிருக்கிறேன். லைனில் ஒரு மெஷின் நின்றுவிட்டால் சூப்பர்வைசர் சாமியைக் கூப்பிடுவதற்கு முன்னால் என்னைக் கூப்பிடுவார். இதைப் பெருமைக்குச் சொல்லவில்லை. பின்னால் நடந்த கேவலம் முழுசாகப் புரிய வேண்டும் என்பதற்காகச் சொல்கிறேன்.

பாத்திரம் கழுவும் மெஷின் எங்கள் வீட்டுக்கு வந்ததற்கு என் மனைவியின் விரல்கள்தான் காரணம். சொகுசுக்கு வாங்கினோம் என்று லைன் வீட்டில் பேசிக்கொண்டார்கள். பேசட்டும். அவள் வேறொரு கம்பெனியில் செக்கிங். தைத்து வரும் துணியை மேசையில் விரித்து, கையால் தடவிப் பார்த்து, ஓட்டை, கறை, விட்டுப்போன தையல் எதுவாக இருந்தாலும் கண்டுபிடித்து, அந்த இடத்தில் சின்ன அம்புக்குறி ஸ்டிக்கர் ஒன்றை ஒட்ட வேண்டும். பதினான்கு வருசமாக அதே மேசை. அவள் கைக்குத் தப்பிய குற்றம் குறைவு. அதில் என்னுடையதும் அடக்கம்.

அந்தக் கைக்குச் சோப்புத் தண்ணீர் ஆகவில்லை. விரல் நுனியெல்லாம் வெடித்து உப்புத்தாள் மாதிரி ஆகிவிட்டது. ரப்பர் கையுறை போட்டால் அரிப்பு இன்னும் கூடியது. வெடித்த விரலால் மெல்லிய துணியைத் தடவினால் நூல் இழுத்துக்கொள்ளும். குற்றம் கண்டுபிடிக்க நிறுத்தி வைத்த ஆளே குற்றம் உண்டாக்கினால் எந்தக் கம்பெனி பார்த்துக்கொண்டிருக்கும்? அவளுடைய சூப்பர்வைசர் அம்மா நல்லவிதமாகத்தான் சொன்னாராம்.

"அடுத்த மாசம் கொழந்தைங்க துணி ஏறுது கண்ணு. முழுசும் வெள்ளை, நெம்ப மெல்லுசு. ஏறறக்கு முன்னாடி எல்லாருத்து கையையும் துணில ஓட்டிப் பாப்பேன். நூலு இழுத்துதுன்னா பிசிறு வெட்டத்தான் போகோணும்."

செக்கிங் மேசையிலிருந்து பிசிறு வெட்டப் போவது என்றால் அது இறக்கம். போனவர்கள் யாரும் மேசைக்குத் திரும்பி வந்ததில்லை. தோல் டாக்டர் சோப்பில் கையே வைக்கக் கூடாது என்றார். தீபாவளி போனஸ் வந்த வாரமே அவள் மெஷினை வாங்கிவிட்டாள்.

நாங்கள் இருப்பது திருப்பூர் நெருப்பெரிச்சலில் ஒரு லைன் வீடு. ஆறு வீட்டுக்கு ஒரே வாசல், ஒரே குழாயடி. எங்கள் சமையலறையில் ஒரு ஆள் திரும்ப வேண்டும் என்றால் இன்னொரு ஆள் வெளியே போக வேண்டும். அதனால் மெஷினைச் சமையலறைக்கும் குளியலறைக்கும் நடுவில் வைத்தோம். மாட்ட வந்தவர் ஒரு பை உப்பை அதன் அடியில் கொட்டினார். போர் தண்ணீருக்கு அப்படிப் போட்டால்தான் பாத்திரத்தில் வெள்ளை படியாதாம். பக்கத்து வீட்டு அக்கா வேடிக்கை பார்க்க வந்திருந்தார். திருநெல்வேலிப் பக்கத்திலிருந்து வந்து டெய்லராக இருக்கிறவர்.

"உப்புத் தண்ணிக்கே உப்பு போடுதாகளே, இது என்ன கூத்து?" என்றார்.

ஒன்பது நாள் நன்றாக ஓடியது. அவள் விரலில் வெடிப்பு மூட ஆரம்பித்தது. பத்தாவது நாள், புதன்கிழமை, பொத்தானை அழுத்தினால் விளக்கு எரிகிறது, உள்ளே 'ம்ம்ம்' என்று ஒரு முனகல், அப்புறம் மூன்று தடவை 'கீ கீ கீ'. அவ்வளவுதான். தண்ணீர் ஏறவில்லை. திரும்ப அழுத்தினால் திரும்ப 'ம்ம்ம்'.

"ஏனுங்க, நேத்து இதுல ஏதாச்சும் பண்ணுனீங்களா?" என்று அவள் கேட்டாள்.

"நான் என்ன பண்ணுவேன்? ஒண்ணும் பண்ணல. நீதான் கொழம்புச் சட்டிய அப்படியே உள்ள தள்ளியிருப்ப."

"ஒரு கறிவேப்பிலை கூட உள்ள போகலீங்க. செக் பண்ணாம நான் எதையும் உள்ள உடறதில்ல. இருங்க, கம்பெனிக்குப் போன் பண்றேன். வாரண்டி இருக்குது."

"மெக்கானிக் ஊட்ல மெஷின் பாக்க இன்னொரு மெக்கானிக்கா? ஊரே சிரிக்கும் புள்ள. நாளைக்குப் பொழுதோட நான் ஓட உட்டுத் தர்றேன்."

"செரிங்க. ஓடற வரைக்கும் ஆரு கழுவறது?"

"நான் கழுவறேன்."

ஒரு வேளைப் பாத்திரம்தானே என்று நினைத்துச் சொன்னேன். திங்கட்கிழமை அல்ல, அதற்கடுத்த திங்கட்கிழமை அவளுடைய கையைத் துணியில் ஓட்டிப் பார்க்கப்போகிறார்கள் என்பது எனக்குத் தெரியும். நாள் நிறைய இருந்தது. எனக்கு ஒரு சாயங்காலம் போதும்.

பாத்திரத்தை அள்ளிக்கொண்டு குழாயடியில் உட்கார்ந்தேன். இரண்டு பேருக்கு இவ்வளவு பாத்திரம் எதற்கு என்று அன்றைக்குத்தான் யோசித்தேன். பக்கத்து வீட்டு அக்கா துணி காயப்போட வந்தவர் நின்றுவிட்டார்.

"என்னண்ணே, மெசினு லுங்கி கெட்டிட்டு வெளிய வந்து ஒக்காந்துருக்கு?"

எனக்கு ஆத்திரம் பொத்துக்கொண்டு வந்தது. "உங்க ஊட்டுதையும் கொண்டாந்து போடுங்க, சேத்திக் கழுவிர்றேன்" என்றேன்.

மறுநாள் குழாயடியில் ஒரு பால் பாத்திரம் இருந்தது, அடியில் கருகியது. "நீங்கதானே நேத்து போடச் சொன்னீய?" என்றார் அக்கா, உள்ளே இருந்தபடியே. கழுவி வைத்தேன். வேறென்ன செய்ய? அன்றிலிருந்து அது தினமும் வந்தது.

வியாழக்கிழமை கரண்ட் குறைவாக வருகிறது என்று முடிவுகட்டி பிளக்கை மாற்றினேன். 'ம்ம்ம்'. வெள்ளிக்கிழமை வடிகட்டியைக் கழற்றினேன். அது ஒரு அழுக்கும் இல்லாமல் புதுசாகவே இருந்தது. சனிக்கிழமை தண்ணீர்க் குழாயைக் கழற்றி வாயால் ஊதினேன். வாயில் உப்புத் தண்ணீர் வந்தது. மெஷின் ஓடவில்லை.

ஞாயிற்றுக்கிழமை கதவைப் பிரித்தேன். கதவு சரியாகச் சாத்தியிருக்கிறதா என்று பார்க்க அதற்குள் ஒரு சுவிட்ச் இருந்தது. கண்டுபிடித்துவிட்டேன் என்று நினைத்தேன். காரணம் இருக்கிறது. எங்கள் ஓவர்லாக் மெஷினிலும் மூடிக்கு இப்படி ஒரு சுவிட்ச் உண்டு. மூடி திறந்திருந்தால் மெஷின் ஓடக் கூடாது, கையில் அடிபடும் என்பதற்காக வைத்தது. டெய்லருக்கு நூல் அறுந்தால் மூடியைத் திறந்து மாட்ட வேண்டும், உடனே ஓட்ட வேண்டும், பீஸ் கணக்கு ஏற வேண்டும். அதனால் நாங்கள் சுவிட்சின் இரண்டு ஒயரையும் சேர்த்து முறுக்கிவிடுவோம். துணி வாங்குகிற வெளிநாட்டுக்காரன் ஆடிட்டுக்கு வருகிற அன்றைக்கு மட்டும் பிரித்து ஒழுங்காக மாட்டுவோம். அவன் கார் கேட்டைத் தாண்டியதும் மறுபடி முறுக்கு. இது சரி என்று நான் சொல்லவில்லை. எல்லாக் கம்பெனியிலும் நடக்கிறதா என்று தெரியாது, எங்கள் கம்பெனியில் நடக்கிறது, நடத்துகிறவன் நான்.

பாத்திர மெஷினிலும் அதே மாதிரி இரண்டு ஒயரை முறுக்கி டேப் சுற்றினேன். கதவை மூடி அழுத்தினேன்.

'ம்ம்ம். கீ கீ கீ.'

நான் கதவை மாட்டிவிட்டுப் பாத்திரத்தோடு குழாயடிக்குப் போனேன்.

அடுத்த வாரம் முழுக்க இப்படியே போனது. கம்பெனியில் ஊசி உடைந்த மெஷினுக்கு முன்னால் உட்கார்ந்தால்கூட அந்த 'ம்ம்ம்' காதில் கேட்டது. வெள்ளிக்கிழமை சாயங்காலம் நான் தோசைக்கல்லைத் தேய்த்துக்கொண்டிருந்தபோது அவள் வந்து பக்கத்தில் நின்றாள்.

"ஞாயித்துக்கெழம பதினோரு மணிக்கு ஆளு வர்றாருங்க."

"எந்த ஆளு?"

"மெஷின் கம்பெனி ஆளு. புதன்கெழமையே கம்ப்ளெயிண்ட் போட்டுட்டனுங்க."

"என்னக் கேக்காமயா?"

"உங்களக் கேட்டுத்தானுங்க பத்து நாளாச்சு." தோசைக்கல்லை ஒரு பார்வை பார்த்தாள். "திங்கக்கெழம கைய ஓட்டிப் பாப்பாங்க. ஓடற மெஷினு ஊட்ல இருந்தாத்தான் நானு தைரியமா மேசைல நிப்பேன். வெள்ளை ஆர்டர் மூணு மாசம் ஓடும். மூணு மாசமும் நீங்களே கழுவுவீங்களா? இப்பவே மூஞ்சியப் பாக்க முடியல."

மாட்டிக்கொண்டால் நான் செய்வதைச் செய்தேன். கத்தினேன். என்ன கத்தினேன் என்று எழுதத் தேவையில்லை. அவள் கேட்டுவிட்டு, "தோசக்கல்லு அந்தப் பக்கம் இன்னும் போகலீங்க" என்று காட்டிவிட்டு உள்ளே போய்விட்டாள்.

ஞாயிற்றுக்கிழமை காலை ஆறு மணிக்கே ஆரம்பித்தேன். பதினோரு மணிக்குள் முடிக்காவிட்டால் இன்னொரு மெக்கானிக் என் வீட்டுக்குள் பையோடு வருவான். அதைவிட மோசம், அவன் ஐந்து நிமிசத்தில் சரி பண்ணிவிட்டுப் போவான். மெஷினை வெளியே இழுத்து, பழைய போர்வையில் மல்லாக்கப் படுக்கவைத்து, அடித் தகட்டைக் கழற்றினேன்.

உள்ளே ஒரு தட்டு. தட்டில் என் கைமுஷ்டி அளவுக்கு ஒரு தெர்மாகோல் துண்டு. அதற்கு மேலே ஒரு குட்டி சுவிட்ச். பார்த்த உடனே விளங்கியது, நான் ஒன்றும் முட்டாள் இல்லை. எங்கேயாவது ஒழுகினால் தண்ணீர் இந்தத் தட்டில் சேரும். தெர்மாகோல் மிதந்து மேலே போய் சுவிட்சைத் தொடும். உடனே மெஷின், வீட்டுக்குள் வெள்ளம் வந்துவிட்டது, இனி ஒரு சொட்டுகூட உள்ளே விடக் கூடாது, இருப்பதை வெளியே இறைக்க வேண்டும் என்று முடிவுசெய்யும். அந்த 'ம்ம்ம்' வேறெதுவும் இல்லை, இறைக்கிற மோட்டார். பன்னிரண்டு நாளாக அந்த மெஷின் தான் வெள்ளத்தில் நிற்பதாக நம்பி, இல்லாத தண்ணீரை இறைத்து இறைத்துப் பார்த்து, முடியாமல் எங்களைக் கூப்பிட்டிருக்கிறது.

ஆனால் தட்டில் தண்ணீரே இல்லை. தெர்மாகோலைத் தூக்கி நிறுத்தியிருந்தது ஒரு கைப்பிடி பனியன் வேஸ்ட், கம்பெனியில் வெட்டிக் கழித்த துணி. வான நீலம்.

அப்போதுதான் செவ்வாய்க்கிழமை சாயங்காலம் ஞாபகம் வந்தது. மெஷின் நிற்பதற்கு முந்தின நாள். ஒரு கரப்பான் பூச்சி மெஷினுக்கு அடியில் இருந்த இடுக்குக்குள் ஓடியது. நான் கம்பெனியிலிருந்து கொண்டுவந்து போட்டிருந்த மூட்டையிலிருந்து கொஞ்சம் வேஸ்ட்டை எடுத்து அந்த இடுக்கில் வைத்து, ஸ்குரூ டிரைவரால் குத்திக் குத்தி உள்ளே திணித்தேன். கரப்பான் இனி வராது என்று கையைத் தட்டிக்கொண்டு போனேன்.

பொய் சொன்னேன் என்று நினைக்க வேண்டாம். 'ஒண்ணும் பண்ணல' என்று மனசாரத்தான் சொன்னேன். வெளியூர்க்காரர்களுக்கு இது புரியாது. திருப்பூரில் வேஸ்ட் திணிப்பது ஒரு காரியமே இல்லை. ஜன்னல் ஆடினால் வேஸ்ட். குழாய் ஒழுகினால் வேஸ்ட். கட்டில் கால் தத்தினால் வேஸ்ட். வண்டி துடைக்க, அடுப்பு துடைக்க, நெய்ச் சட்டி பிடிக்க எல்லாத்துக்கும் வேஸ்ட். மூச்சு விட்டதை யாராவது ஞாபகம் வைத்துக்கொள்வார்களா?

அந்தத் துணியைச் சுருட்டி லுங்கி மடிப்பில் செருகப் போனேன். நிமிர்ந்தால் அவள் டீ டம்ளரோடு நிற்கிறாள்.

"அதக் குடுங்க."

"எது?"

"கைல இருக்கறது."

கொடுத்தேன். விரித்தாள். கட்டைவிரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் நடுவில் வைத்துத் தேய்த்தாள். செக்கிங்கில் நிற்கிறபோது அவள் முகம் எப்படி இருக்கும் என்று அதுவரை நான் பார்த்ததில்லை.

"சிங்கிள் ஜெர்சித் துணி. எங்க கம்பெனில இந்த நீலம் ஓடவே இல்லீங்க. உங்க கம்பெனிலதான் போன மாசம் ஓடுச்சு. நீங்க ஒரு மூட்டை கொண்டாந்து போட்டீங்க."

"எலி கிலி இழுத்துட்டுப் போயிருக்கும் புள்ள."

அவள் துணியை வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்தாள். நடுவில் நாலைந்து பொத்தல், எல்லாம் ஒரே அளவு.

"எலி ஸ்குரூ டிரைவர் வெச்சுக் குத்துமாங்க?"

உள்ளே போனாள். கம்பெனிப் பையைத் திறக்கிற சத்தம் கேட்டது. திரும்பி வந்து, அம்புக்குறி ஸ்டிக்கர் ஒன்றைச் சுருளிலிருந்து உரித்து என் பனியனில், நெஞ்சுக்கு நேராக ஒட்டினாள். அம்பு மேலே, என் மூஞ்சியைக் காட்டியது. அப்புறம் டீயைக் கொடுத்தாள்.

மணி பத்து. தகட்டை மாட்டி, மெஷினை நிமிர்த்தி, குழாயைச் சேர்த்து, பிளக்கைச் செருகினேன். கதவு திறந்திருந்தது. எதை ரிப்பேர் செய்தாலும் மூடியைத் திறந்து வைத்து ஓட்டிப் பார்ப்பது என் பழக்கம். பொத்தானை அழுத்திவிட்டு, முனகல் கேட்கிறதா என்று தலையை உள்ளே விட்டேன். 'ம்ம்ம்' இல்லை. தண்ணீர் சளசளவென்று ஏறுகிற சத்தம். கதவு திறந்திருந்தால் இது ஓடக் கூடாதே என்று ஒரு கணம் தோன்றியது. ஓடும்படி ஒயரை முறுக்கி வைத்தவனே நான்தான் என்பது அதற்கடுத்த கணம் தோன்றியது. அதற்குள் உள்ளே தண்ணீர் பீச்சுகிற விசிறி சுற்ற ஆரம்பித்துவிட்டது.

மூஞ்சியில் பட்டையாக அறைந்தது. மூக்கில், காதில், வாயில் எல்லாம் தண்ணீர். புத்தியுள்ளவன் கதவைச் சாத்தியிருப்பான். நான் அப்படியே நின்றுகொண்டு, "ஓடுது புள்ள! ஓடுது!" என்று கத்தினேன். சுவர் நனைந்தது, அரிசி மூட்டை நனைந்தது. அவள் வந்து ஒரு விரலால் கதவைத் தள்ளிச் சாத்தினாள்.

அப்போது மெஷின் 'ம்ம்ம்' என்றது. 'கீ கீ கீ' என்றது. வெளியே கொட்டிய தண்ணீரெல்லாம் அடித் தட்டில் இறங்கிவிட்டது. இந்தத் தடவை அது சொன்னது நிஜம்.

மறுபடி மல்லாக்கப் படுக்கவைத்தேன். தட்டைத் துடைக்க வேண்டும். கை தானாக வேஸ்ட் மூட்டைக்குப் போனது.

"நில்லுங்க," என்றாள். "எண்ணிப் போட்டு எண்ணி எடுங்க."

எங்கள் கம்பெனியில் ஊசி உடைந்தால் அத்தனை துண்டும் கிடைத்தாக வேண்டும். துண்டுகளை ஒன்றுசேர்த்து நோட்டில் டேப் போட்டு ஒட்டிக் காட்டினால்தான் புது ஊசி தருவேன். முனை கிடைக்காவிட்டால் மொத்த லைனையும் நிறுத்தி, காந்தத்தை வைத்துக்கொண்டு தரையில் தவழ வைப்பேன். இதற்காக என்னைத் திட்டாத டெய்லர் கிடையாது. அப்பேர்ப்பட்டவனுக்கு என் வீட்டில் வேஸ்ட் எண்ண வேண்டிய நிலைமை.

"ஏழு போச்சுங்க," என்று அவள் எண்ணினாள். துடைத்து முடித்ததும், "ஆறுதான் வந்துருக்குது" என்றாள்.

தேடினேன். தட்டுக்குள் இல்லை, குழாய்க்குப் பின்னால் இல்லை. மணி பத்தே முக்கால். வேர்த்துக் கொட்டியது. வேர்வையைத் துடைக்கத் தோளில் இருந்த துணியை எடுத்தேன். அதுதான் ஏழாவது.

கதவைப் பிரித்து, முறுக்கிய ஒயரைப் பிரித்து, சுவிட்சை ஆடிட்டுக்கு மாட்டுகிற மாதிரி ஒழுங்காக மாட்டினேன். கதவைச் சாத்திப் பொத்தானை அழுத்தினேன். உள்ளே மழை பெய்கிற சத்தம் கேட்டது. அதே நேரம் வாசலில் செருப்பைக் கழற்றுகிற சத்தமும் கேட்டது.

மெஷின் கம்பெனி ஆள் பையோடு நின்றார். ஓடுகிற மெஷினைப் பார்த்தார். தலையிலிருந்து தண்ணீர் சொட்டுகிற என்னைப் பார்த்தார். என் நெஞ்சில் இருந்த அம்புக்குறியைக் கொஞ்ச நேரம் பார்த்தார்.

"மெஷின் ஸ்டார்ட் ஆகலைன்னு சொல்லியிருந்தீங்களேங்க. என்னங்க கம்ப்ளெயிண்ட்டு?"

கரண்ட் ஏற்ற இறக்கம் என்று சொல்லத் தயாராக வைத்திருந்தேன். அவள் முந்திக்கொண்டாள்.

"மெஷின்ல ஒண்ணுமில்லீங்க. எங்கூட்டுக்காரருகிட்டத்தான் ஒரு சின்ன டிபெக்ட். மார்க் பண்ணி வெச்சுட்டனுங்க."

வாசலுக்கு அந்தப் பக்கம் பக்கத்து வீட்டு அக்கா சிரித்த சிரிப்பு ஊரின் மறுகோடியில் இருக்கிற வீரபாண்டி வரைக்கும் கேட்டிருக்கும். அந்த ஆள் சிரிக்கவில்லை, நல்ல மனுசன். போனில் ஏதோ தட்டிவிட்டு, "கஸ்டமரே சரி செய்துகொண்டார்னு போட்டுக்கறனுங்க" என்றார். வெட்கமில்லாமல் சொல்கிறேன், அந்த வார்த்தையைக் கேட்டபோது எனக்கு ஒரு சந்தோசம் வரத்தான் செய்தது.

திங்கட்கிழமை கம்பெனியில் எனக்கு வேலை ஓடவில்லை. இந்நேரம் துணியை விரித்திருப்பார்கள், இந்நேரம் அவள் கை வந்திருக்கும் என்று மணியையே பார்த்துக்கொண்டிருந்தேன். ஒரு மெஷினுக்கு ஊசியைத் திருப்பி மாட்டிவிட்டேன். இருபத்திரண்டு வருசத்தில் முதல் தடவை.

சாயங்காலம் அவள் எனக்குப் பின்னால் வந்தாள். செருப்பைக் கழற்றினாள், தண்ணீர் குடித்தாள், உட்கார்ந்தாள்.

"என்னாச்சு புள்ள?"

பையிலிருந்து கையகலம் வெள்ளைத் துணி ஒன்றை எடுத்துத் தொடையில் விரித்தாள். ஐந்து விரலையும் அதன் மேல் வைத்து மெதுவாக இழுத்தாள். சத்தமே இல்லை. ஒரு நூல் எழும்பவில்லை.

"மொத மேசை எனக்குத்தானுங்க" என்றாள்.

"பாத்தியா, மெஷின் வந்ததுனால..."

"மெஷினு ஒம்போது நாளுங்க. நீங்க பன்னண்டு நாளு."

எனக்குக் கத்தத் தோன்றவில்லை. அவள் என் வலது கையைப் பிடித்து இழுத்து, விரித்த துணியின் மேல் வைத்துத் தேய்த்தாள். 'டர்ர்' என்றது. மூன்று நூல் என் விரல் வெடிப்பில் மாட்டிக்கொண்டு வந்தது.

"ரிஜெக்ட்" என்றாள்.

எழுந்து போய் தேங்காய் எண்ணெய்ப் பாட்டிலை எடுத்து வந்து என் பக்கம் தள்ளினாள். விரலுக்கு விரல் தடவிக்கொண்டேன். உள்ளே மெஷின் ஓடிக்கொண்டிருந்தது. வெளியே குழாயடியில் பக்கத்து வீட்டு அக்காவின் பால் பாத்திரம், அடி கருகி, எனக்காகக் காத்துக்கொண்டிருந்தது.